தாலாட்டு கேட்ட பள்ளிக்கூடம்

1

இந்தக் கதை என் கற்பனையில் உதித்ததல்ல. கொல்கத்தாவின் டாக்குரியாவில் எங்கள் மேல்வீட்டில் குடியிருக்கும் மஹிமா போன வெள்ளிக்கிழமை படியிறங்கி வந்து, என் நாற்காலியில் உட்கார்ந்து அழுதுகொண்டே சொன்னது. "எழுதணும்னா எழுதுங்கண்ணே. ஆனா நான் அழுதேன்னு மட்டும் எழுதிராதிய" என்றாள். மன்னித்துக்கொள், மஹிமா. முதல் பத்தியிலேயே போய்விட்டது.

2

தொடக்கம் ஒன்று: 'நகரத்தின் பழம்பெரும் பள்ளி அது. அதன் வாசலில் வரிசையாக நின்ற கார்களின்...'

வேண்டாம். கார்களைப் பற்றி எழுதினால் எனக்கு வயிற்றெரிச்சல் என்பீர்கள். (உண்மைதான்.)

தொடக்கம் இரண்டு: தூத்துக்குடித் துறைமுகத்திலிருந்து மஹிமாவின் கணவர் பிரிட்டோவுக்குக் கொல்கத்தாவுக்கு மாற்றல் வந்தபோது மகள் ஷெரினுக்கு இரண்டு வயது. பெரிய இடத்துப் பிள்ளைகள் படிக்கும் அந்தப் பள்ளியில்தான் அவளைச் சேர்ப்பது என்று மஹிமா ஒற்றைக்காலில் நின்றாள். நேர்காணலுக்குப் பழக்கித் தரும் வகுப்புக்குப் போனார்கள். "வீட்டில் ஆங்கிலம் மட்டும்தான்" என்றார் அங்கிருந்த மேடம். அன்றே அந்த வீட்டில் தமிழுக்குத் தடை விழுந்தது. பிரிட்டோவின் ஆங்கிலம் கப்பல்களோடு பேசத்தான் போதும். மனிதர் மகளிடம் பேசுவதையே குறைத்துக்கொண்டார்.

மஹிமாவை வில்லியாக்கிப் பார்த்தேன். நிற்கவில்லை. ஆங்கிலத்துக்குப் பயந்து கல்லூரிக் காலம் முழுக்கக் கடைசி பெஞ்சில் வாய் திறக்காமல் இருந்தவள் அவள். தன் பெண்ணுக்கு அந்தக் கதி வரக்கூடாது என்று நினைத்தவளை எப்படித் திட்டுவது?

3

இரண்டு வருடம் கழித்து, நேர்காணல் நாள். மொடமொடப்பான வங்காளப் பருத்திப் புடவையில் தலைமையாசிரியை. கேட்டதற்கெல்லாம் ஷெரின் ஆங்கிலத்தில் டாண் டாணென்று பதில் சொன்னாள். மஹிமாவுக்கு அப்போதுதான் மூச்சு வந்தது.

பிறகு அந்த அம்மாள் சாய்ந்து உட்கார்ந்து, "வேரை மறக்காத குடும்பங்களைத்தான் எங்களுக்குப் பிடிக்கும். அம்மா சொல்லித்தந்த தாலாட்டு ஒன்று உங்கள் மொழியில் பாடேன், கண்ணு" என்றார். அதையும் ஆங்கிலத்தில்தான் சொன்னார்.

(எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது இங்கேதான். தாய்மொழியை வாசலிலேயே கழற்றி வைக்கச் சொல்வது. கழற்றிவிட்டு உள்ளே போனால், எங்கே உன் தாய்மொழி என்று கேட்பது. இவர்களை என்னதான்... இல்லை, கட்டுரையாகிவிடும். கதைக்கு வருகிறேன்.)

ஷெரின் பாடினாள். வீட்டு வேலைக்கு வரும் மாஷி பாடிக் கேட்ட வங்காளத் தாலாட்டு.

"அழகு. தமிழில்?"

"தமிழில் பாட்டு கிடையாது. மம்மிக்குக் கோபம் வந்தால்தான் தமிழ்" என்று ஆங்கிலத்தில் விளக்கியது குழந்தை.

தலைமையாசிரியைக்கு ஒரே சுவாரசியம். "கோபம் வந்தால் என்ன சொல்வாள்?"

ஷெரின் இடுப்பில் கைவைத்தாள். "ஏட்டி சவத்து மூதி, ஒனக்கு எத்தன தடவ சொல்லுதேன்!"

அறையே சிரித்தது. உச்சரிப்பில் ஒரு பிசகில்லை. மஹிமாவும் சிரித்துவைத்தாள். அவள் மகளுக்குக் கொடுத்த மொத்தத் தமிழும் அவ்வளவுதான்.

4

முடிவு ஒன்று: பள்ளியில் இடம் கிடைக்கவில்லை, வீட்டுக்குத் தமிழ் திரும்புகிறது. நீங்கள் கைதட்டுவீர்கள். ஆனால் பொய்.

முடிவு இரண்டு: "எடம் கெடச்சிட்டுண்ணே" என்று சொல்லிவிட்டுத்தான் மஹிமா அழுதாள். இது நடந்தது. ஆசைப்பட்டது கைக்கு வந்த அன்றைக்கு அப்படி ஓர் அழுகை. அழுதபடியே, நேர்காணலில் நடந்ததை எனக்குத் தமிழில் கொட்டிக்கொண்டிருந்தாள். அம்மாவைத் தேடிப் படியிறங்கி வந்த ஷெரின் அதைக் கேட்டுவிட்டு வாசலிலேயே நின்றுவிட்டாள். உள்ளே வரவில்லை.

"மம்மி, ஆர் யூ ஆங்ரி?"

மஹிமா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அடுத்த வரியை நான் பலவிதமாக எழுதிப் பார்த்தேன். 'இல்லடா செல்லம்' என்று தமிழில் சொன்னால் குழந்தை நம்பாது. ஆங்கிலத்தில் சொன்னால் நம்பிவிடும்; அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

குழந்தை இன்னும் வாசலில்தான் நிற்கிறாள். நீங்களே எழுதுங்கள். சீக்கிரம்.