சோடியம் விளக்கின் நிறம்

எங்கள் இயற்பியல் ஆய்வகத்தில் ஒரு வழக்கம் உண்டு. முதலில் விடையை எழுதுவோம். பிறகு அங்கிருந்து மேலே ஏறி, எந்த அளவுகள் இருந்தால் அந்த விடை வருமோ அந்த அளவுகளை எழுதி வைப்போம். இதற்கு ‘ரிவர்ஸ் அடிப்பது’ என்று பெயர். விடை அச்சு அசலாக வந்தால் சந்தேகம் வருமே என்று, சமையலுக்கு உப்பு போடுகிற மாதிரி கொஞ்சம் பிழையும் சேர்த்துக்கொள்வோம். கைப்பக்குவம் உள்ளவர்கள் மைக்ராஸ்கோப்பைத் தொடவே மாட்டார்கள். அதனால் எங்கள் மைக்ராஸ்கோப்புகள் எல்லாம் வாங்கின மேனிக்குப் புத்தம் புதுசாக இருந்தன.

நியூட்டன் வளையச் சோதனை இதற்கு ரொம்பத் தோது. தட்டையான கண்ணாடி மேல் ஒரு குவிலென்ஸைக் கவிழ்த்து, மேலிருந்து சோடியம் விளக்கின் மஞ்சள் ஒளியை விழவிட வேண்டும். இரண்டு கண்ணாடிக்கும் நடுவில் இருக்கும் காற்றின் மேல்பக்கம் பட்டு ஒரு அலை திரும்பும்; கீழ்ப்பக்கம் பட்டு இன்னொன்று திரும்பும். இரண்டும் ஒத்துப்போன இடத்தில் வெளிச்சம், எதிரும் புதிருமான இடத்தில் இருட்டு. பங்காளிகள் இரண்டு பேரை ஒரே வீட்டில் குடிவைத்தாலும் இதேதான் நடக்கும். மைக்ராஸ்கோப்பில் பார்த்தால் வளையத்துக்குள் வளையமாகத் தெரியும். அவற்றின் விட்டத்தை அளந்தால் ஒளியின் அலைநீளம் கிடைக்கும்: 5893 ஆங்ஸ்ட்ராம். அளக்காவிட்டாலும் கிடைக்கும்.

கொக்குக்கு மட்டும் ரிவர்ஸ் கைவரவில்லை. கழுத்து நீளம் என்பதால் அந்தப் பெயர். போன தடவை பிராக்டிகல் தேர்வில் அவன் கீழிருந்து மேலே கணக்குப் போட்டு, ஒளியின் அலைநீளத்துக்குப் பதிலாக ஒலியின் வேகத்தைக் கொண்டுவந்து நிறுத்திவிட்டான். பிழை இரண்டே சதவீதம். ஆனாலும் பெயில். அவன் அக்கா புருஷன் வேலை பார்க்கும் பெயின்ட் கம்பெனியில், நிறம் சரிபார்க்கும் பிரிவில் ஒரு இடம் காலியாக இருந்தது. இந்த முறை தேறினால் அது கொக்குக்கு. தேறாவிட்டால் அவருடைய சொந்தத் தம்பிக்கு.

“மாப்ள, இந்தத் தடவை நான் நெஜமாவே அளக்கப்போறேன்,” என்றான் கொக்கு என்னிடம், தேர்வன்று காலையில்.

“ஏன்டா உனக்கு இந்த விபரீத புத்தி? பேசாம 5893-ஐ மனப்பாடம் பண்ணுடா.”

“நம்பர் எனக்கு நிக்காதுடா. கண்ணு நல்லாத் தெரியும். அத வெச்சுப் பொழச்சுக்கறேன்.”

முந்தின வாரம் சோடியம் விளக்கு உயிரை விட்டிருந்தது எங்களுக்குத் தெரியாது. புதுசு வாங்குவதற்குள் நாங்கள் பேரன் பேத்தி எடுத்துவிடுவோம் என்பதால், துறைத் தலைவர் ஒரு பாதரச விளக்கைப் பச்சை வடிகட்டியோடு அதே மரப்பெட்டிக்குள் வைத்துவிட்டார். பெட்டி மேல் ‘சோடியம்’ என்ற எழுத்து அப்படியே இருந்தது. அவர் யாரிடமும் சொல்லவில்லை. யாராவது பார்ப்பார்கள் என்று அவருக்குத் தோன்றவில்லை. அவர் மேல் தப்பில்லை.

தேர்வு தொடங்கியது. பெட்டியின் நாலு பக்க ஓட்டை வழியாகவும் பச்சை வெளிச்சம் நாலு மேசைகளிலும் விழுந்தது. எங்கள் முகம் பச்சை, விடைத்தாள் பச்சை. அந்தப் பச்சை வெளிச்சத்தில் உட்கார்ந்து எல்லோரும் ‘மஞ்சள் ஒளியைப் பயன்படுத்தி’ என்று எழுதினோம். எனக்கு 5871 வந்தது. எதிர் மேசைக்காரனுக்கு 5902. கொக்கு குனிந்த கழுத்தை நிமிர்த்தாமல் அளந்து முடித்தான். அவனுக்கு 5450.

வெளிக் கல்லூரியிலிருந்து வந்திருந்த தேர்வாளர் எங்கள் தாள்களில் எல்லாம் கையெழுத்துப் போட்டுவிட்டுக் கடைசியாக அவனிடம் வந்தார்.

“என்னப்பா இது, 5450? சோடியம் ஒளி என்ன கலரு?”

“மஞ்சள் சார்.”

“இது?”

“பச்சை சார்.”

தேர்வாளர் அப்போதுதான் விளக்கைப் பார்த்தார். பிறகு தன் கையைப் பார்த்தார். அதுவும் பச்சையாக இருந்தது. துறைத் தலைவரைச் சன்னல் பக்கம் தள்ளிக்கொண்டு போனார். இருவரும் குசுகுசுவென்று பேசியது ஆய்வகம் முழுக்கக் கேட்டது.

“பையன் சொல்றது சரிதான் சார். பாதரசப் பச்சைக்கு 5461.”

“சரின்னு சொன்னா மத்தவங்க அத்தனை பேரும் பெயிலாச்சே.”

“அவங்க கெடக்காங்க. கையெழுத்துப் போட்டது நானாச்சே.”

துறைத் தலைவர் இரக்கமே உருவாகத் திரும்பி வந்தார். “தம்பி, உனக்கு நிறக்குருடு ஏதாவது இருக்கா? இருந்தா சலுகை உண்டு. டாக்டர் கிட்ட ஒரு சர்டிபிகேட் வாங்கிட்டு வா, பாஸ் போட்டுடலாம்.”

“ஐயோ சார், நான் போகப்போறதே நிறம் பாக்கற வேலைக்கு.”

“அப்ப கண்ணு நல்லாத் தெரியுதுங்கறே.”

“ஆமா சார்.”

“அப்படின்னா பெயில்தான் போடணும்.”

கொக்கு எச்சில் விழுங்கினான். அந்தக் கழுத்தில் அது மெதுவாக இறங்குவதை நாங்கள் எல்லோரும் பார்த்தோம். குருடன் என்றால் தேறலாம், வேலை போய்விடும். பச்சை என்றால் தேர்வும் போச்சு, வேலையும் போச்சு. அக்கா புருஷனின் தம்பி அவன் கண்முன்னால் வந்து நாற்காலியில் உட்கார்ந்திருப்பான்.

“இன்னொரு தடவை நல்லாப் பாரு,” என்றார் தேர்வாளர்.

கொக்கு குனிந்தான். ரொம்ப நேரம் பார்த்தான். எங்கள் கல்லூரியில் ஒரு மைக்ராஸ்கோப்பை யாரும் அவ்வளவு நேரம் பார்த்ததில்லை.

“மஞ்சள்தான் சார்.”

“அப்படிச் சொல்லு,” என்றார் துறைத் தலைவர். “எழுதிக்கோ. ஐயாயிரத்து எண்ணூத்துத் தொண்ணூத்து மூணு.”

“அச்சு அசலா வேணாம்பா,” என்றார் தேர்வாளர். “கொஞ்சம் பிழை போட்டுக்கோ.”

கொக்கு தேறிவிட்டான். எங்களை எல்லாம்விட ஒரு மதிப்பெண் கூடுதல். சோதனையை நேரில் பார்த்தவன் என்பதற்காக இருக்கலாம்.

வேலைக்குப் போன முதல் நாள், பெயின்ட் கம்பெனி மேலாளர் அவன் முன்னால் ஒரு தகரத்தை நீட்டினார். இலை மாதிரி பச்சையாக ஒரு பூச்சு. அவருக்குப் பின்னால் கூரை வரைக்கும் டப்பாக்கள் மூடி, நிறத்தின் பெயர் ஒட்டி, லாரிக்குக் காத்திருந்தன.

“இது என்ன கலரு தம்பி?”

கொக்கு தகரத்தைப் பார்த்தான். டப்பாக்களைப் பார்த்தான்.

“டப்பா மேல என்ன சார் எழுதியிருக்கு?”

மேலாளர் அந்த இடத்திலேயே அவனை நிரந்தரம் ஆக்கிவிட்டார். அன்று சாயங்காலம் அக்கா புருஷன் வீட்டுக்கு வந்து அக்காவிடம், “சும்மா சொல்லக்கூடாது, உன் தம்பிய நல்லாத்தான் படிக்க வெச்சிருக்காங்க,” என்றாராம்.