எப்படி அடிபட்டது

அந்த விடியற்காலையில் மாடியில் இருந்தவர்கள்: வியாசர்பாடி சங்கமித்ரா, ராயபுரம் இக்னேஷியஸ், காலடிப்பேட்டை சாபிரா, புளியந்தோப்பு பகலவன், கதவருகே வாட்ச்மேன் கமால். முதலாளி பொன்னுரங்கம் அப்போதுதான் வந்தார்.

கீழே திருவொற்றியூர் நெடுஞ்சாலையில் கன்டெய்னர் லாரிகள் துறைமுகத்துக்கு வரிசைகட்டி உறுமின. மேலே ஏசி குளிரில் நான்கு கீபோர்டுகள் தடதடத்தன. அமெரிக்க ஆஸ்பத்திரி சீட்டுகளைப் படித்து, ஒவ்வொரு காயத்துக்கும் உரிய எண்ணைப் போடும் வேலை. இவர்களுக்கு வந்ததெல்லாம் கையும் மணிக்கட்டும்தான். சுளுக்கு, நசுங்கல், நரம்பு வீக்கம், தசைநார் அறுந்தது. எண் விழுந்தால்தான் அங்கே இன்ஷூரன்ஸ்காரன் பணம் தருவான்.

சங்கமித்ராவின் வலது கட்டைவிரல் அடி வீங்கி மினுமினுத்தது. மடக்கினால் சூட்டுக்கம்பியை உருவியதுபோல் வலி முழங்கைவரை ஓடும். அந்த வலிக்கான எண் அவளுக்கு மனப்பாடம். தினமும் யார் யாருக்கோ போடுகிறாள். இடது கையால் தட்டிப் பார்த்தாள். வேகம் பாதிகூட வரவில்லை. வேகம் குறைந்தால் வேலை போகும். வீட்டில் சம்பாதிப்பவள் அவள் ஒருத்தி. அதனால் கொஞ்ச நாளாக இக்னேஷியஸ் தன் பங்கை முடித்துவிட்டு, கம்ப்யூட்டரில் அவள் பெயரில் நுழைந்து அவள் மிச்சத்தைப் போட்டு வந்தான்.

பொன்னுரங்கம் அவள் நாற்காலிக்குப் பின்னால் வந்து நின்றார்.

"உன் பேர்ல வர்ற சீட்டுல, எப்படி அடிபட்டதுன்னு தனியா ஒரு எண்ணு கீது. எப்பத்திலேர்ந்து போடற?"

அந்த எண்ணுக்குக் காசு கிடையாது, யாரும் கேட்பதும் இல்லை. மெஷினில் மாட்டியதா, ஏணியிலிருந்து விழுந்ததா என்று மெனக்கெட்டுத் தேடிப் போடுகிறவன் அந்த மாடியில் ஒருவன்தான். திருட்டுத்தனமாகச் செய்யும்போதுகூட அவனால் அதை விட முடியவில்லை.

"இக்னேஷியஸ், உன் வேலதானே?"

"ஆமா சார். எப்படின்னு எழுதாம வுட்டா குடிச்சிட்டு வுழுந்தான்னுடுவாங்க. ஹார்பர்ல எங்கப்பாவுக்கு அப்டிதான் ஆச்சு."

"பெரிய நியாயஸ்தன்." அவர் சங்கமித்ராவிடம் குனிந்தார். "வூட்டு பாத்ரூம்ல வழுக்கினேன்னு ஈஎஸ்ஐ டாக்டர்கிட்ட சொல்லிடு. நீயா வேலய வுட்டு நின்னுக்கோ. இவன வச்சிக்கறேன். இல்லன்னா ரெண்டு பேரும் கெளம்புங்க."

"வேலைல வந்தது சார் இது."

"எங்க நைனா வலை இஸ்த்து கை கிழிஞ்சவரு. மறுநாளே கடலுக்குப் போனாரு. நீ பொத்தான் தட்டிட்டு கை போச்சுன்ற."

"அவரு வலைக்கு அவரே முதலாளி சார்," என்றான் பகலவன், திரையிலிருந்து கண்ணெடுக்காமல்.

இந்தக் கையோடு வேறெங்கும் வேலை கிடைக்காது. மறுத்தால் இக்னேஷியஸும் நடுத்தெருவில். சங்கமித்ரா தலையாட்டினாள்.

"சொல்லிடறேன் சார்."

"சொல்லாத," என்றான் இக்னேஷியஸ்.

"உன் வூட்லயும் அடுப்பு எரியணும்ல?"

"எரியணும்தான். சொல்லாத."

சாபிரா எழுந்தாள். கட்டைவிரலை உள்ளே வைத்து முஷ்டியை மடக்கி, மணிக்கட்டைச் சுண்டுவிரல் பக்கம் சாய்த்தாள். சீட்டுகளில் டாக்டர்கள் எழுதும் சோதனை அது. அவள் முகம் கோணியது.

"எனக்கும் கீது."

பகலவனும் முஷ்டியை மடக்கினான். பாதியிலேயே பல்லைக் கடித்து நிறுத்திக்கொண்டான். பயத்தில் ஆளுக்கு ஆள் மறைத்து வைத்திருந்தார்கள்.

"இன்னா சார், மூணு வூட்டு பாத்ரூமும் ஒண்ணா வழுக்கிச்சா?" என்றாள் சாபிரா.

பொன்னுரங்கம் வாசலைக் காட்டினார். "வெளிய போனா போனதுதான்."

திரைகளில் முடியாத சீட்டுகள் அப்படியே கிடந்தன. எழுந்து வாசலுக்குப் போன சங்கமித்ராவால் கைப்பிடியைத் திருக முடியவில்லை, கமால் திறந்துவிட்டார். பகலவனும் சாபிராவும் பின்னால் வந்தார்கள். இக்னேஷியஸ் உள்ளேயே நின்றான். படிக்கட்டில் டீசல் நாற்றம்.

"இப்ப இன்னா பண்றது?" என்றாள் சங்கமித்ரா.

"டாக்டராண்ட ஒண்ணா போவோம். எப்படி வந்துச்சுன்னு ஒண்ணா சொல்லுவோம். கேக்கலன்னா யூனியன் ஆபீஸ்," என்றாள் சாபிரா.

"கேப்பாங்களா?"

"தெரியாது."

உள்ளே பொன்னுரங்கத்தின் குரல் தணிந்திருந்தது. "நீ இருடா. சம்பளம் ஏத்தித் தர்றேன்." மூவரும் மேலே பார்த்தபடி நின்றார்கள்.

இக்னேஷியஸ் வெளியே வந்தான். கமால் யார் முகத்தையும் பார்க்காமல், அவனுக்குப் பின்னால் கதவைச் சாத்திப் பூட்டினார்.