தேர் வடத்துப் பாட்டு

கச்சேரி தொடங்கும் முன்னால் திருவிழாக் கமிட்டிக்காரர் சோடாவை உடைத்து, பாட வந்திருந்த மதிவதனியிடம் நீட்டினார். சிரித்த முகம்தான்.

"ஏனுங்க அம்மணி, தேர் வடத்த நாங்களும் இழுப்போம்னு ஒரு பாட்டு செல்லுல சுத்துதுங்களே, கேட்டீங்களா? மூஞ்சிய மறச்சுட்டு ஒருத்தி பாடறா. கொரலு உங்க கொரலாட்டவே இருக்குதுங்க."

"தெரியாதுங்க," என்றாள்.

"பசங்க அவளத் தேடிட்டிருக்கறாங்க. நீங்க இருந்து சாப்புட்டுப் போட்டுத்தான் போகோணும்."

அவர் மரியாதையாகப் பேசப் பேச, அவள் சோடாவைக் குடிக்காமலே கீழே வைத்தாள். பாடியது அவள்தான். சூலூரில் ஒரு வாடகை அறையில் துப்பட்டாவால் முகத்தைச் சுற்றிக்கொண்டு பாடிய பாட்டு, இப்போது மில் பஸ்ஸிலும் டீக்கடையிலும் ஓடுகிறது. எத்தனையோ கூட்டம் போட்டுப் பேசியும் நடக்காதது அதைக் கேட்டு நடந்துவிட்டது. அன்னூர்ப் பக்கத்து இந்த ஊரில், சாலைக்கு அந்தப்புறம் இருக்கும் காலனிக்காரர்கள் இந்த வருடம் வடத்தைத் தொடுவோம் என்று கேட்டுவிட்டார்கள். ஊர் முடியாது என்றுவிட்டது. இங்கே வந்து இறங்கிய பிறகுதான் அவளுக்கே தெரியும்.

ரிதம் பேடு வாசிப்பவன் அவள் தம்பி தமிழ்ச்செல்வன். அந்தப் பாட்டுக்கும் தாளம் போட்டவன் அவன்தான். அதை அம்மன் பாட்டுக்கு அடுத்த பட்டனிலேயே வைத்திருந்தான். அழித்துவிட்டு வாடா என்று தலைபாடாக அடித்துக்கொண்டாள். கேட்டால்தானே!

முதலில் அம்மன் பாட்டு. கமிட்டிக்காரர் பேச்சைக் கேட்டுக் கலங்கியிருந்த தம்பியின் விரல் பக்கத்துப் பட்டனில் விழுந்தது. ஊர் முழுக்கக் கட்டியிருந்த ஸ்பீக்கர்களில் அந்தத் தாளம் அதிர்ந்தது. பாழாய்ப்போனவன் உடனே நிறுத்தியும் விட்டான். ஆனால் சாலைக்கு அந்தப்புறம் யாரோ பாட்டை எடுத்துவிட்டார்கள். பெண்கள், பிள்ளைகள், கைத்தட்டல். தன் பாட்டை இத்தனை பேர் சேர்ந்து பாடி அவள் கேட்டதே இல்லை. பெருமையாக இருந்தது. கூடவே உயிரும் போனது.

கூட்டத்தின் ஓரத்தில் பைக்குகள் உறுமின. ஒருவன் பந்தல் சவுக்குக் கட்டையை உருவிக்கொண்டு பின்னால் ஏறினான். பைக் விளக்குகள் எல்லாம் காலனிப் பக்கம் திரும்பின. அங்கே பாட்டு பாதி அடியில் நின்றது.

"அத அவங்க பாத்துக்குவாங்க. நீங்க அம்மன் பாட்டப் பாடுங்க அம்மணி," என்றார் கமிட்டிக்காரர்.

பாடினால் தப்பித்துவிடலாம். பட்டன் மாறிப்போச்சு என்று சொன்னால் நம்பிவிடுவார்கள்.

தமிழ்ச்செல்வன் அவள் முகத்தைப் பார்த்துவிட்டான். "வேண்டாங்க்கா," என்றான்.

அவள் மைக்கை நெருக்கி, காலனிக்காரர்கள் விட்ட அடியிலிருந்து எடுத்துப் பாடினாள்.

சாலை ஏறிக்கொண்டிருந்த பைக்குகள் ஒவ்வொன்றாக நின்றன. பிறகு விளக்குகள் மேடைப் பக்கம் திரும்பத் தொடங்கின.