டேமேஜ் இல்லாத கோட்டை

தங்கதுரைக்கு இரண்டு விஷயங்கள் ஆகவே ஆகாது. ஒன்று ஆறிப்போன டீ, இன்னொன்று டேமேஜ். மண்ணரையில் அவருடைய பனியன் கம்பெனியிலிருந்து போன சரக்கு ஒரு தடவைகூடத் திரும்பி வந்ததில்லை. சேவூரில் சொந்தக்காரர் வீட்டுக் கல்யாணத்துக்குப் போனால், பந்தியில் உட்கார்ந்து எங்கெங்கோ போகிற பேச்சை இழுத்து வந்து இதில்தான் கட்டுவார். கேட்கிறவர்கள் பாயசத்தைப் பார்த்தபடியே தலையாட்டுவார்கள்.

அப்படிப்பட்ட மனிதரின் பேர் ஒரு வெள்ளிக்கிழமை காலையில் ஆட்டம் கண்டது. அதற்கும் அவரேதான் காரணம்.

தெற்கே கடலுக்குள் பவளத்திட்டு என்று ஒரு குட்டித் தீவு. அதில் டச்சுக்காரர்கள் கட்டிய பழைய கோட்டை ஒன்று நிற்கிறது. கரையிலிருக்கிற மீனவ ஊர்க்காரர்கள் அதைக் காப்பாற்ற ஒரு குழு வைத்திருந்தார்கள். குழுவின் செயலாளர் ரோஸ்மேரி, அந்த ஊர்ப் பள்ளிக்கூடத்து டீச்சர். ஊரே சேர்ந்து போட்டுக்கொள்ள நீல டி-ஷர்ட் வேண்டும், நெஞ்சில் கோட்டைப் படம் வேண்டும், கீழே 'எங்கள் கோட்டை இப்படியே இருக்கட்டும்' என்று எழுத வேண்டும் என்று ஆர்டர் கொடுத்தார். சாம்பிள் போனது, ஓகே ஆகி வந்தது.

அதோடு விட்டிருந்தால் இந்தக் கதைக்கு வேலையே இல்லை. பிரிண்டிங் ஆரம்பிக்கிற அன்றைக்குத் தங்கதுரை கண்ணாடியை மாட்டிக்கொண்டு படத்தை உற்றுப் பார்த்தார். கோட்டையின் மூலைக் கொத்தளத்தில் பாதியைக் காணோம். சுவரிடுக்கில் செடி வேறு முளைத்திருந்தது.

"ஏங்கண்ணு, இதென்ன இத்தச்சோட்டுப் பெரிய ஓட்டை?" என்று டிசைனர் கிருத்திகாவைக் கேட்டார்.

"கோட்டையே அப்படித்தானுங்க சார்."

"கோட்டை எப்படியோ இருக்கட்டும். நம்ம கம்பெனியிலிருந்து ஓட்டையோட சரக்குப் போலாமா? பாவம், அவங்களுக்கு நல்ல போட்டோ கெடைக்கலையாட்ட இருக்குது. நீ கம்ப்யூட்டர்லயே கட்டிப்போடு."

"சாம்பிள் அப்ரூவ் ஆயிருச்சுங்களே சார்?"

"பாத்தாச் சந்தோசந்தான் படுவாங்க. போடு கண்ணு."

டச்சுக்காரர்கள் வருஷக்கணக்கில் கல் சுமந்து கட்டியதைக் கிருத்திகா ஒரு டீ நேரத்தில் கட்டி முடித்தாள். செடியையும் பிடுங்கினாள். தங்கதுரை அதைப் பார்த்துப் பூரித்துப் போனார்.

வெள்ளிக்கிழமை சரக்கு எடுக்க வந்த ரோஸ்மேரி, ஒரு டி-ஷர்ட்டை விரித்துப் பார்த்தார், திருப்பிப் பார்த்தார், மறுபடி விரித்துப் பார்த்தார். தங்கதுரை, சந்தோஷத்தில்தான் திரும்பத் திரும்பப் பார்க்கிறார் என்று நினைத்துக்கொண்டு பல்லெல்லாம் தெரிய நின்றார்.

"இது எந்த ஊருக் கோட்டை, அண்ணாச்சி?"

"உங்க கோட்டைதானுங்க டீச்சர். கொஞ்சம் சரி பண்ணி..."

"ஐயோ, என்ன காரியம் பண்ணிட்டிய!" ரோஸ்மேரி நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். "இப்படிச் சரி பண்ணக் கூடாதுன்னுதான அண்ணாச்சி இந்தச் சட்டையே!"

பிறகுதான் விஷயம் முழுசாக வெளியே வந்தது. கோட்டைக்குச் சிமெண்ட் பூசி, புதுக் கொத்தளம் எழுப்பி, கலர் லைட் போட்டுப் பளபளவென்று ஆக்க ஒரு திட்டம் வந்திருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை அதிகாரிகள் தீவுக்கு வருகிறார்கள். அவர்கள் முன்னால் ஊரே இந்தச் சட்டையோடு நின்று, 'இருக்கிற சுவர் விழாமல் சுண்ணாம்புக் காரை வைத்துத் தாங்கிப் பிடியுங்கள், போதும், புதிதாகக் கட்ட வேண்டாம்' என்று கேட்பதாக ஏற்பாடு. இப்போது கொத்தளம் முழுசாக நிற்கிற படத்துக்குக் கீழே 'இப்படியே இருக்கட்டும்' என்று இருந்தால், திட்டத்தை எடுத்திருக்கிற காண்ட்ராக்டரே வந்து மாலை போட்டுவிட்டுப் போவான்.

தங்கதுரைக்குத் தன் தப்பு புரிந்தது. ஆனாலும் மனசு ஆறாமல் கேட்டார். "ஏனுங்க டீச்சர், கோவிச்சுக்காதீங்க. ஓட்டையை அடைச்சா நல்லதுதானுங்களே?"

"எங்க அம்மைக்கு அப்போ ஒரு வயசு" என்று ஆரம்பித்தார் ரோஸ்மேரி. "சங்கு குளிக்கப் போனவங்க பிள்ளகுட்டியோட தீவுல குடிசை போட்டுத் தங்கியிருந்தாவ. புயல் அடிச்சி, கடல் தீவு மேல ஏறிட்டு. கோட்டைக்குள்ள மேடு, உள்ள போயிட்டா பொழச்சிக்கலாம். ஆனா கதவு பூட்டிக் கெடக்கு. சாவி கரையில ஆபீசர்ட்ட. கதவைத் தட்டித் தட்டிக் கை ஓஞ்சி நிக்கையில, அந்த மூலை இடிஞ்சி விழுந்துட்டு. அதுவழியாத்தான் அத்தன பேரும் உள்ள ஏறுனாவ. எங்க தாத்தா, அம்மையை இடுப்புல வச்சிக்கிட்டு ஏறுனாவளாம். அந்த ஓட்டை இல்லன்னா எங்க ஊரு இல்ல, அண்ணாச்சி. நானும் இல்ல."

கம்பெனியில் மெஷின்கள் ஓடிக்கொண்டுதான் இருந்தன. தங்கதுரைக்கு ஒன்றும் காதில் விழவில்லை. ஒரு ஊரே தப்பித்து ஏறிய வழியைத் தன் கையால் அடைத்துவிட்டோமே என்பதிலேயே மனசு நின்றது. சரக்கு திரும்பி வராத பெருமையெல்லாம் அந்த நேரத்தில் அவருக்குப் பெரிதாகவே படவில்லை.

புதிதாகத் தைத்து அடிக்க நேரமில்லை, சாயங்காலம் லாரி கிளம்ப வேண்டும். என்ன செய்வதென்று தெரியாமல், அந்த டி-ஷர்ட்டைக் கையில் பிடித்தபடியே செக்கிங் மேஜைப் பக்கம் நடந்தார். அங்கே ராக்கம்மாள் எண்ணெய்க் கறை பட்ட பனியன் ஒன்றின் மேல் ஸ்ப்ரே கன்னைப் பிடித்து, கறை எடுக்கிற மருந்தைப் பீய்ச்சி அடித்துக்கொண்டிருந்தாள். போன தீபாவளிக்கு இதே கன்னைப் பிரிண்டுக்குப் பக்கத்தில் அடித்துப் பிரிண்டையே பெயர்த்துவிட்டாள் என்று, தெருமுனை வரை கேட்கிற மாதிரி அவளை ஏசியவர் தங்கதுரை.

"ராக்கம்மா! அன்னைக்கு ஒரு தப்புப் பண்ணுனியே, அதை மறுக்காப் பண்ணோணும்."

ராக்கம்மாள் கன்னைக் கீழே வைத்துவிட்டாள். "அன்னைக்கே மன்னிப்புக் கேட்டுட்டேனே மொதலாளி."

தங்கதுரை டி-ஷர்ட்டை மேஜையில் விரித்தார். "அட, மெய்யாலுமே சொல்றேன். இந்த மூலைய இடி!"

அவள் ரோஸ்மேரியைப் பார்த்தாள், மொதலாளியைப் பார்த்தாள், பிறகு பழைய கணக்கையெல்லாம் மனதில் வைத்துக்கொண்டு கன்னை எடுத்து அழுத்தி அடித்தாள். மருந்து பட்ட இடத்தில் வெள்ளைப் பெயிண்ட் உரிந்து, கொத்தளம் சரிந்து, நீலம் எட்டிப் பார்த்தது. ரோஸ்மேரி எழுந்து கிட்டே வந்து பார்த்தார். "இன்னுங் கொஞ்சம்" என்றார். இன்னும் கொஞ்சம் இடிந்தது. அவர் முகத்தில் காலையிலிருந்து காணாமல் போயிருந்த சிரிப்பு வந்தது. "செடியை எடுத்தது மட்டும் நல்லது அண்ணாச்சி. அதோட வேரு சுவரைப் பொளக்குது."

இருந்த கன்கள் எல்லாம் மேஜைக்கு வந்தன. கிருத்திகாவும் ஒன்றைப் பிடித்தாள். தான் கட்டியதைத் தானே இடிப்பதில் அவளுக்கு அத்தனை குஷி. ஒரு சட்டையில் இடிந்த மாதிரி இன்னொன்றில் இடியவில்லை. தங்கதுரை மருந்து நெடிக்கு மூக்கைத் துணியால் கட்டிக்கொண்டு வரிசைக்குப் பின்னால் நடந்து, "பத்தாது, பத்தாது, நல்லா டேமேஜ் பண்ணுங்க கண்ணு" என்று கத்திக்கொண்டே போனார். பக்கத்துக் கம்பெனிக்காரர் எட்டிப் பார்த்துவிட்டு, இந்த மனுசனுக்கு ஏதோ ஆகிவிட்டது என்று பயந்து திரும்பிப் போனார்.

சாயங்காலம் லாரி வந்து நின்றது. கடைசிச் செக்கிங்கில் உட்கார்ந்திருந்த ராக்கம்மாள் ஒரு டி-ஷர்ட்டைத் தனியாக எடுத்துத் தங்கதுரை முன்னால் போட்டாள்.

"இது ரிஜெக்ட் மொதலாளி."

"ஏன், என்ன டேமேஜ்?"

"டேமேஜே இல்ல."

கொத்தளம் கம்பீரமாக, முழுசாக நின்றது. எல்லாரும் சிரித்தார்கள், லாரி டிரைவர் உட்பட. ரோஸ்மேரி, "ஒண்ணுதான, அதை நீங்களே வச்சிக்கிடுங்க அண்ணாச்சி" என்றார்.

தங்கதுரை சிரிக்கவில்லை. ராக்கம்மாள் கையிலிருந்து கன்னை வாங்கினார். கண்ணாடியைச் சரி செய்துகொண்டு, குனிந்து, மூலையை மெல்ல மெல்லப் பெயர்த்தார். போதும் என்று ராக்கம்மாள் சொன்ன பிறகும் நிறுத்தவில்லை.

"இருங்க, இன்னுங் கொஞ்சம் அகலம் வேணும்" என்றார். "இடுப்புல புள்ளைய வெச்சுக்கிட்டு ஏறோணுமில்லீங்க."