பெரிய வெள்ளிக்கிழமை மணி

"அக்கா, ஆளுங்க வராங்க" என்றான் பச்சைமுத்து. கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்த அமலோற்பவமேரி எழுந்து சன்னல் வழியே பார்த்தாள். வரப்பில் நான்கு பேர். கையில் தடியும் சைக்கிள் சங்கிலியும்.

ஐம்பத்து நாலாம் வருஷம். வளவனூருக்குக் கிழக்கே, எல்லைக்கு அந்தப் பக்கம் பிரெஞ்சுக்காரன் ஆட்சி. அங்கே இந்தியக் கொடி ஏற்றியதற்கு அவர்களுடைய அடியாட்களிடம் மண்டை உடைபட்டு, வயல் வழியே ஓடிவந்து இந்த மாதா கோயிலில் விழுந்தவன் பச்சைமுத்து. தஞ்சம் என்று வந்தவனைக் காட்டிக்கொடுப்பதில்லை என்று ஊரே கூடிச் சொல்லியிருந்தது. சொன்ன ஊர் முழுக்க இப்போது ஏரிக்கரையில், பெரிய வெள்ளிக்கிழமைச் சிலுவைப்பாதை செபத்தில் இருந்தது.

"நான் போயிடறேன்க்கா. உனக்கு இன்னாத்துக்கு பேஜாரு?"

"வாய மூடிக்கினு படு."

ஆண்டவர் இறந்த துக்கத்துக்காக, பெரிய வியாழன் பூசையோடு கோயில் மணி ஊமையாகிவிடும். அவர் உயிர்த்த திருநாள் வரை, செபத்துக்கு அழைக்க மரக்கட்டையைத் தட்டுவதுதான். அவள் புருஷன், உபதேசியார் சவரிநாதன், மணிக்கயிற்றை ஆணியில் சுற்றி இறுக்கி முடிந்துவிட்டுப் போயிருந்தார். இந்த விஷயத்தில் அவருக்குப் பங்குச் சாமியாரைவிடக் கண்டிப்பு அதிகம்.

அவள் கட்டையை எடுத்து வாசலில் நின்று பலங்கொண்ட மட்டும் தட்டினாள். ஏரிக்கரையில் சனம் அதைக் கேட்டது. கேட்டு, மொத்தமாக முழந்தாளிட்டது. கட்டைச் சத்தம் என்றால் செபம் என்றுதானே பழக்கம்! அவளுக்கு அழுகையும் ஆத்திரமும் ஒன்றாக வந்தன. உள்ளே ஓடி முடிச்சைப் பல்லால் அவிழ்த்தாள். ஆண்டவர் செத்துக்கிடக்கிற நாளில் மணி முழங்கியது.

"எங்கடி அவன்?" முதல் அடி தோளில் விழுந்தது. இரண்டாவதில் முழங்கை முறிந்த சத்தம் அவளுக்கே கேட்டது. இடது கையால் கயிற்றை இழுத்தாள். சங்கிலி முதுகைக் கிழித்தது. பச்சைமுத்துவைக் காலைப் பிடித்து வாசலுக்கு இழுத்துப் போனார்கள். அவன் தலை படியில் இடித்து இடித்துப் போனது. அவள் நிறுத்தவில்லை.

ஊர் ஓடிவந்தது. பச்சைமுத்துவைக் காப்பாற்ற ஒருத்தரும் வரவில்லை. மணி அடித்த பாவியை உதைக்கத்தான் வந்தார்கள். வாசலில் இரத்தத்தைப் பார்த்ததும் அந்தக் கோபம் அப்படியே அந்த நான்கு பேர் மேல் திரும்பியது. தடி முறிந்தது. யாரோ பல்லைத் துப்பினார்கள்.

முன்னால் வந்த சவரிநாதன் மட்டும் ஓங்கிய கம்போடு உள்ளே நுழைந்து, அப்படியே நின்றார்.

"பாவம்னா அப்பால கேளுங்க. கயித்த வுட மாட்டேன்" என்றாள்.

அவர் சன்னல் வழியே பார்த்தார். எல்லைப் பக்கமிருந்து வரப்பு நெடுக இன்னும் ஆட்கள் வந்துகொண்டிருந்தார்கள். உதவிக்கு ஆள் வர வேண்டுமென்றால் மணி வளவனூர் வரைக்கும் கேட்க வேண்டும். கம்பைக் கீழே போட்டார். ஈரமாயிருந்த கயிற்றை அவள் கைக்கு மேலே பிடித்து, முழு பலத்தோடு இழுத்தார்.