ஸ்டேஷனில் நின்ற டிராக்டர்

அன்னக்கொடியின் டிராக்டர் போடியில் போலீஸ் ஸ்டேஷன் சுவரோரம் நின்றது. ஓடையில் அனுமதியில்லாமல் கிராவல் மண் அள்ளியதாக வழக்கு. ஓட்டிப்போனவன் டிரைவர் பால்பாண்டி, அவளுடைய ஊரான சிலமலைக்காரன். ராசிங்காபுரத்து வயலுக்குக் குப்பை உரம் அடிக்கணும் என்று சாவி வாங்கிப் போனவன், போலீஸ் ஜீப்பைக் கண்டதும் வண்டியை விட்டுவிட்டு ஓடிவிட்டான். மலைக்கு மேலே ஏதோ ஏலக்காய்த் தோட்டத்தில் இருப்பதாகப் பேச்சு.

புருஷன் போன பிறகு அன்னக்கொடிக்கு அந்த வண்டிதான் பிழைப்பு. மழை பெய்து மண் பதமாகக் கிடந்தது. உழவுக்குச் சொல்லியிருந்தவர்கள் இரண்டு நாள் பார்த்துவிட்டு வேறு டிராக்டரைக் கூப்பிட்டுக்கொண்டார்கள். யாரையும் குறை சொல்ல முடியவில்லை.

வக்கீல் கார்த்திகா தைரியம் சொன்னாள். "கேஸ் முடியிற வரைக்கும் மழையில கெடந்தா வண்டி துருப்பிடிச்சுப் போகும்மா. அதுவரைக்கும் நீங்க வச்சுக்கிறதுக்கு மனு போடலாம். ஜட்ஜ் கேட்டா, எனக்குத் தெரியாது, டிரைவர் ஏமாத்திட்டான்னு சொல்லுங்க. அதுதான நெசம்?"

"நெசந்தான்," என்றாள் அன்னக்கொடி.

தேனி கோர்ட்டில் மனு விசாரணைக்கு வந்தது. வண்டியைக் கொடுத்தால் மறுபடியும் மண் அள்ளத்தான் போகும் என்று அரசு வக்கீல் எதிர்த்தார். நீதிபதி அன்னக்கொடியைப் பார்த்தார்.

"வண்டியைத் திருப்பிக் கொடுத்தா, அதே ஆள்கிட்ட சாவியைக் கொடுப்பீங்களா?"

மாட்டேன் என்று சொல்லும்படி கார்த்திகா கண்ணைக் காட்டினாள். அன்னக்கொடி நீதிபதியைப் பார்த்தே சொன்னாள்.

"கொடுப்பேங்கய்யா. எம்புருசன் படுக்கையில கெடந்தப்ப எங்க நெலத்தைக் கூலி வாங்காம உழுது போட்டவன் அவன். இப்பச் செஞ்சது தப்புத்தான். இனி என்ன லோடுன்னு நானே பாத்துத்தான் அனுப்புவேன்."

கோர்ட்டில் யாரோ சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. எதையோ குறித்துக்கொண்டு அடுத்த மனுவைக் கூப்பிட்டார்.

"காரியத்தையே கெடுத்துட்டீங்களேம்மா," என்றாள் கார்த்திகா வராந்தாவில்.

ஆனால் சாயங்காலம் வண்டியைக் கொடுக்கச் சொல்லி உத்தரவு வந்துவிட்டது. ஜாமீன்தாரர்களோடு பத்திரம் எழுதிக் கொடுக்க வேண்டும். வழக்கு முடியும்வரை வண்டியை விற்கவோ மாற்றவோ கூடாது. கூப்பிட்டபோது கொண்டுவந்து நிறுத்த வேண்டும். இன்னொரு முறை மண்ணோடு பிடிபட்டால் திரும்பக் கிடைக்காது.

மெக்கானிக் ஜெகதீஷைக் கூட்டிக்கொண்டு ஸ்டேஷனுக்குப் போனாள். ட்ரெய்லரில் ஏற்றிய மண் அப்படியே கிடந்தது. மழையில் இறுகி, அதன்மேல் புல்லும் முளைத்திருந்தது.

"வண்டியைத்தான் விடச் சொல்லியிருக்கு. மண்ணு சர்க்காருது. இங்கேயே எறக்கிட்டுப் போங்கம்மா," என்றார் ஏட்டு.

ஜெகதீஷ் பேட்டரியோடு மல்லாடிக்கொண்டிருந்தான். அன்னக்கொடி சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு, மம்பட்டியோடு ட்ரெய்லரில் ஏறி மண்ணை வெட்டித் தள்ளினாள். கொஞ்ச நேரத்தில் இன்னொரு மம்பட்டி மண்ணில் விழும் சத்தம் கேட்டுத் திரும்பினாள். பால்பாண்டியின் பெண்டாட்டி ராக்கு, வண்டியை விடுகிற சேதி கேட்டு வந்திருந்தாள். வண்டி பிடிபட்ட நாளிலிருந்து அன்னக்கொடியைக் கண்டால் சந்து மாறிப் போனவள்.

இருவரும் மண்ணைத் தள்ளினார்கள். பாதி இறங்கியதும் ராக்கு நிமிராமலே சொன்னாள்.

"விக்கிறதுக்கு அள்ளலக்கா. எங்க வீட்டு பேஸ்மட்டத்தை நெரப்பத்தான். பழைய வீட்டை இடிச்சுட்டு தார்ப்பாயிக்குள்ள கெடக்கோம்."

"எங்கிட்டக் கேட்டிருக்கலாம்ல?"

"கேட்டா ஓடைக்கு விடமாட்டீங்கன்னு பயந்துட்டாரு."

"விட்டிருக்க மாட்டேன்தான்," என்றாள் அன்னக்கொடி. ஆனால் அந்தத் தார்ப்பாயைத் தினமும் தாண்டிப் போயும் ஒரு வார்த்தை விசாரிக்காதது மனசை உறுத்தியது. மம்பட்டியைக் கீழே வைத்தாள். "அவனுக்குப் போனைப் போடு."

மறுமுனையில் பால்பாண்டியின் குரல் கேட்டதும் அவளே பேசினாள். "எலேய், வண்டி வெளிய வந்துருச்சு. வக்கீலம்மாகிட்ட ஒனக்கும் ஜாமீனுக்குச் சொல்றேன். வெரசா எறங்கி வா. உழவு கெடக்கு."

அவன் மூக்கை உறிஞ்சுவது கேட்டது.

"அழுதுக்கிட்டு நிக்காத. பஸ்சைப் பிடி," என்று சொல்லி போனை ராக்குவிடம் கொடுத்தாள்.

அவன் வந்தான். கார்த்திகா ஜாமீன் வாங்கித் தந்தாள். வழக்கு இன்னும் நடக்கிறது. அந்த வருஷம் பிந்தி விதைத்தவர்களின் நிலங்களை அவன்தான் உழுதான்.