எதிர்மேசை எழுதிய ஏழு அட்டைகள்

…பயம் என்று போட்டால் தப்பு, பயந்தவள் இந்தக் கம்பிப் படிவரை வந்திருக்க மாட்டாள், தயக்கம் என்று போட்டாலும் சரியில்லை, தயங்குகிறவளுக்கு இரண்டு பக்கமும் யோசனை இருக்கும், எனக்கு ஒரே பக்கம்தான், இறங்கியே ஆக வேண்டும், இன்றைக்கே, இப்போதே, காலை எட்டு மணிக்குப் பெண்கள் நேரம் முடிகிறது, மாலை நாலு மணிக்கு அகராதிப் பக்கம் அச்சுக்குப் போகிறது, அதற்கு அப்புறம் நான் கடலையே நீந்திக் கடந்தாலும் பிரயோஜனமில்லை… அப்படியானால் இந்தக் கால் ஏன் மூன்றாவது படியிலேயே ஒட்டிக்கொண்டு நிற்கிறது, இதற்கு என்ன சொல் போடுவது? ‘அம்மா, இன்னும் ரெண்டே படிதான், முதுகைத் தண்ணிக்குக் காட்டிக்கிட்டு இறங்குங்க,’ என்கிறாள் நீச்சல் சொல்லிக்கொடுக்கும் பெண், கழுத்தில் விசில் தொங்குகிறது, அதனால் எனக்கு அவள் விசில். தண்ணீருக்கு முதுகைக் காட்டி இறங்க வேண்டுமாம், முதுகைக் காட்டுவதை அறுபத்தெட்டு வயதுவரை ஒழுங்காகச் செய்திருக்கிறேன் பெண்ணே, இறங்குவது ஒன்றுதான் பாக்கி.

வீட்டில் சொல்லவில்லை. சொன்னால் இவர் செய்தித்தாளைத் தாழ்த்தாமலே, ‘இந்த வயசுல உனக்கு எதுக்கு?’ என்பார், அந்த வாக்கியத்துக்கு என்னிடம் ஏற்கெனவே அட்டை இருக்கிறது, இவர் சொன்னதுதான், வேறொரு சமயம், வேறொரு சொல்லுக்கு. எங்கள் பிழைப்பு அப்படி. ஆங்கிலம்–தமிழ்ப் பேரகராதி அலுவலகத்தில் முப்பத்தொரு வருஷம், ஓய்வு கொடுத்த பிறகும் ஒப்பந்தத்தில் கூப்பிட்டு உட்கார வைத்திருக்கிறார்கள், அங்கே எடுத்துக்காட்டு வாக்கியத்தை யாரும் இட்டுக்கட்டக் கூடாது, உயிருள்ள ஒரு வாயிலிருந்து வந்திருக்க வேண்டும், பேருந்தில், மருந்துக்கடை வரிசையில், பக்கத்து வீட்டுச் சண்டையில், எங்கே காதில் விழுந்தாலும் அட்டையில் எழுதிவிட வேண்டும், முன்பக்கம் தலைச்சொல்லும் வாக்கியமும், பின்பக்கம் சொன்னவர் யார், எந்தத் தேதி. இதனால் எங்களோடு யாரும் நிம்மதியாகச் சண்டைகூடப் போட முடியாது, இவர் உச்சக்குரலில் கத்திக்கொண்டிருக்கும்போதே நடுவில் நிறுத்தி, ‘இதையும் குறிச்சுக்கப் போறியா?’ என்று கேட்டுவிட்டுத்தான் மிச்சத்தைக் கத்துவார். அப்படி எத்தனை பேர் வாயை எழுதியிருப்பேன், ஆயிரமா, ஐயாயிரமா… என் வாயையும் ஒருத்தி எழுதிக்கொண்டிருக்கிறாள் என்று தோன்றவே இல்லையே.

வெலீயிட்டி. போன வாரம் வரிசையில் வந்த சொல், நாங்கள் பல வருஷமாக உருட்டிக்கொண்டு வரும் அகராதி வண்டி கடைசிக் கடைசி எழுத்துகளுக்கு வந்துவிட்டது. ஆங்கிலம் பேசுகிறவர்களிலேயே பாதிப் பேருக்குத் தெரியாத சொல், லத்தீனில் விரும்புவது என்ற வினையிலிருந்து வந்தது, பொருள் சுலபம், ஒரு அடிகூட எடுத்து வைக்காத விருப்பம், ஆசையிலேயே ஆகக் கீழ்ப்படி. தமிழில் என்ன போடுவது என்றுதான் மூன்று நாள் மல்லுக்கட்டினோம். நப்பாசையா, இல்லை, நப்பாசைக்காரன் கிடைக்கும் என்று வாசலைப் பார்த்துக்கொண்டாவது இருப்பான். சபலமா, சபலக்காரன் காரியத்திலேயே இறங்கிவிடுவான். அரைமனசா, அது செய்துகொண்டே முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்கிறவனுக்கு. இந்தச் சொல்லுக்காரன் ஒன்றுமே செய்ய மாட்டான், ஆனால் ஆசை இருக்கிறது என்பது உண்மை, பொய் சொல்லவில்லை, அதுதான் இதில் விசேஷம். எங்கள் பதிப்பாசிரியர், வயதில் என் மகளைவிடச் சின்னவர், எந்த வாக்குவாதத்தையும் ஒரே வரியில் முடித்துவிடுவார், அவருக்கு நாங்கள் வைத்த பெயர் முற்றுப்புள்ளி, அவர் சொன்னார், ‘செயல்படா விருப்பம். போட்டாச்சு. எடுத்துக்காட்டு எடுங்க.’

எடுத்தேன். பெட்டிக்குள் அந்தத் தலைச்சொல்லுக்கு ஏழு அட்டைகள், கிளிப் போட்டு, எதிர்மேசையின் கையெழுத்தில். எதிர்மேசை என்றால் என் எதிரில் பதினாறு வருஷம் உட்கார்ந்திருந்தவள், ஐந்து வருஷத்துக்கு முன்னால் ஓய்வு பெற்று ஊரின் மறுகோடிக்கு மகன் வீட்டுக்குப் போய்விட்டாள், இரண்டு பேருந்து மாற வேண்டும், அவளுக்கு நான் எதிர்மேசை, எனக்கு அவள் எதிர்மேசை, பெயர் சொல்லிக் கூப்பிட்டதாக நினைவில்லை. முதல் அட்டையில் ‘நீச்சல் கத்துக்கணும்னு எனக்கும் ஆசைதான்’ என்று இருந்தது. புரட்டினால் அடுத்ததிலும் அதே வரி, அதற்கடுத்ததிலும். எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை, அறை முழுக்கக் கேட்கிற மாதிரி வாசித்தேன், ‘யாருப்பா இந்த மகராசி, ஏழு தடவை ஒரே பாட்டு, தண்ணியில கால் நனைச்சிருக்கவே மாட்டா!’ என்றேன், எல்லோரும் சிரித்தார்கள், பிரமாதமான சான்று என்று மேல் அட்டையில் பச்சை டிக் போட்டேன், போட்ட பிறகுதான் பின்பக்கம் திருப்பினேன். முப்பத்தொரு வருஷத்தில் பின்பக்கம் பார்க்காமல் நான் டிக் போட்டது அந்த ஒரு தடவைதான். சொன்னவர்: எதிர்மேசை. அவள் கையெழுத்தில் எதிர்மேசை என்றால் நான். பத்தொன்பது வருஷத்துக்கு முந்தைய தேதி.

‘எடுத்துடுங்க,’ என்றேன். முற்றுப்புள்ளி கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினார். ‘உங்க பேர் அச்சுல வரப்போறதில்லையே மேடம், உங்களுக்கு என்ன?’ ‘எனக்குத் தெரியும்ல.’ ‘பச்சை டிக் நீங்களே போட்டிருக்கீங்க. விதி உங்களுக்குத் தெரியாததா, சான்று தலைச்சொல்லுக்குப் பொருந்தலைன்னு காட்டினாத்தான் எடுக்க முடியும்.’ ‘எப்படிக் காட்டணும்?’ அவர் ஜன்னலைப் பார்த்தார், எதிரே இருக்கும் நீச்சல்குளத்தைப் பார்த்தார், அந்த மனிதருக்குச் சிரிக்கத் தெரியும் என்பதே எனக்கு அன்றைக்குத்தான் தெரியும். ‘இறங்கிட்டு வாங்க. இறங்கிட்டா அது வெறும் ஆசை ஆயிடும், வெலீயிட்டி இல்லை. ஒவ்வொரு அட்டைக்குப் பின்னாலயும் சொன்னவர் செய்துவிட்டார்னு எழுதி, சொன்னவர் கையெழுத்துப் போட்டுக் கொடுங்க. வெள்ளிக்கிழமை நாலு மணிக்குள்ள.’

இன்றைக்கு வெள்ளிக்கிழமை.

‘அம்மா, குளிருதா?’ ‘இல்லம்மா.’ குளிர்கிறது, குளிரைச் சொன்னால் அதுவும் ஒரு காரணமாகிவிடும், காரணங்களை நான் இந்தப் பக்கம் வர விடப் போவதில்லை, இவ்வளவு வருஷமும் அதுகள்தானே என் இடத்தில் உட்கார்ந்து தேநீர் குடித்தன… எங்கள் ஜன்னலுக்கு நேரே இந்த நீச்சல்குளத்தின் வாசல், சாயங்காலமும் பெண்கள் நேரம் உண்டு, நாலு மணிக்குப் பையோடு உள்ளே போவார்கள், ஐந்துக்கு ஈரத்தலையோடு, முகமெல்லாம் கழுவித் துடைத்த பாத்திரம் மாதிரி வெளியே வருவார்கள், நானும் எதிர்மேசையும் தேநீரைக் கையில் வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டே நிற்போம். முதலில் மகளுக்குப் பரீட்சை என்றேன், அப்புறம் இடுப்புவலி, அப்புறம் அந்த உடுப்பைப் போட்டுக்கொண்டு எப்படி நிற்பது, அப்புறம் கண்ணாடியைக் கழற்றினால் எனக்குக் கண்ணே தெரியாதே… அது மட்டும் உண்மை, இப்போது விசிலின் முகம் ஒரு மங்கல், தண்ணீர் ஒரு பெரிய நீல மங்கல், தெரியாததும் நல்லதுக்குத்தான், ஆழத்தை எழுதி வைத்திருக்கும் பலகையைப் படிக்க முடியவில்லை. எத்தனை அடி இருந்தால் என்ன, எனக்குத் தேவை ஒரு கையெழுத்து. கம்பியைப் பிடித்திருக்கும் விரல் வெளுத்திருக்கும், அதையும் நான் பார்க்க வேண்டியதில்லை. ‘எண்ணட்டுமா?’ என்கிறாள் விசில். ‘எண்ணாதே. எண்ணினா நான் மூணு வரைக்கும் நிப்பேன்,’ என்றேன், சொல்லிக்கொண்டே காலை எடுத்தேன், நான்காவது படி, தண்ணீர் இடுப்புக்கு வந்தது, மூச்சு மேலே ஓடிவிட்டது, ஐந்தாவது படி, அப்புறம் படி இல்லை, தரை, வழவழப்பான தரை, என் கால் அதன்மேல் நின்றது.

நின்றது! தண்ணீர் மார்பளவுதான், இதற்கா, இதற்கா இவ்வளவு… ‘கையை விடுங்கம்மா,’ என்கிறாள், விட்டேன், ‘இந்தப் பலகையைப் பிடிச்சிக்கிட்டு முகத்தை வைங்க, மூக்கால ஊதுங்க,’ வைத்தேன், காதுக்குள் ஊர் முழுக்க வாயை மூடிக்கொண்டது, முப்பத்தொரு வருஷத்தில் முதல் தடவையாக என் காதில் யாருடைய பேச்சும் விழவில்லை, குறித்துக்கொள்ள ஒன்றுமே இல்லை, இந்த அமைதிக்குத் தலைச்சொல் என்ன என்று தேடப் போனேன், அதற்குள் மூக்கில் தண்ணீர் ஏறிவிட்டது, இருமி, தும்மி, கண்ணெல்லாம் எரிந்து, ஒரு மடக்கு குடித்தும்விட்டேன். ‘முதல் நாள் எல்லாரும் குடிப்பாங்க,’ என்று சிரிக்கிறாள். இன்னொரு தடவை வைத்தேன். இன்னொரு தடவை. நாலாவது தடவை கால் தானாகத் தரையைவிட்டு எழும்பியது, மிதந்தேன் என்று சொல்ல மாட்டேன், சொல்லில் எனக்கு நாணயம் முக்கியம், ஆனால் ஒரு கணம் என்னை எதுவும் தாங்கவில்லை, நான் விழவும் இல்லை.

துண்டைப் போர்த்திக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்து பையைத் திறந்தேன், கண்ணாடி, பேனா, பிளாஸ்டிக் உறையில் ஏழு அட்டை, அலுவலகத்தைவிட்டு அட்டை வெளியே வரக் கூடாது, வந்துவிட்டது, நானும்தான் இங்கே வந்திருக்கிறேன். முதல் அட்டையைத் திருப்பி, சொன்னவர் செய்துவிட்டார், நீக்குக, என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன், தலையிலிருந்து ஒரு சொட்டு விழுந்து மை பரவியது, பரவட்டும், அதைவிட நல்ல சாட்சி வேண்டுமா. இரண்டாவது. மூன்றாவது, இது இடுப்புவலி வருஷம். பழிவாங்குகிற சந்தோஷம் மாதிரி ஒன்று, எழுதி வைத்தாய் அல்லவா, ஒரு வார்த்தை முகத்துக்கு நேரே சொல்லாமல், இப்போது ஒவ்வொன்றாக அடிக்கிறேன் பார், நாலு, ஐந்து, ஆறு. ஏழாவதின் தேதி அவளுடைய கடைசி நாள், பிரிவு உபசாரம் முடிந்து நாற்காலிகளை எடுத்துப்போகும்போது நாங்கள் இருவரும் ஜன்னலில் நின்ற நாள். திருப்பினேன். சொன்னவர்: இருவர்.

இருவர்… ஆமாம், நான் ‘எனக்கும் ஆசைதான்’ என்று சொல்லும்போதெல்லாம் அவள் ஏதோ சொல்வாளே, என்ன சொல்வாள், ‘எனக்குந்தாண்டி’ என்பாள், ஒவ்வொரு தடவையும் சொல்வாள், பேருந்தில் யார் யாரோ பேசியதெல்லாம் அட்சரம் பிசகாமல் நினைவிருக்கும் எனக்கு அது காதிலேயே தங்கவில்லை, என் வாக்கியத்துக்கு வால் மாதிரி நினைத்து விட்டுவிட்டேன். அப்படியானால் இந்த அட்டையில் என் கையெழுத்து பாதிதான். இன்னொரு கையெழுத்து இல்லாமல் முற்றுப்புள்ளி எடுக்க மாட்டார், ஆறைக் கிழித்துவிட்டு ஏழாவதை அச்சுக்கு அனுப்புவார், பொருத்தமான ஆள்தான் அதற்கு, நாலு மணிக்குள் அவளை எங்கே இறக்குவது, போனால் போகட்டும்.

விசில் பதிவேட்டோடு வந்து நிற்கிறாள். ‘நாளைக்கு வருவீங்கல்ல?’ ‘வரணும்னுதான்…’ என்று என் வாய் தானாகவே ஆரம்பித்துவிட்டது, முடி இன்னும் சொட்டிக்கொண்டிருக்கிறது, அதற்குள், இந்த வாயை என்ன செய்வது! பல்லைக் கடித்து நிறுத்தினேன். ‘வர்றேன். ரெண்டு பேருன்னு எழுதிக்கோ.’ ‘கூட யாரும்மா?’ ‘சொல்றேன், அஞ்சு நிமிஷம் கொடு.’ போனை எடுத்தேன், எண்ணை அழுத்தினேன், மணி போகிறது, கூட யார் என்று நான் எப்படிச் சொல்வேன், அவள் வருவாளா என்று எனக்குத் தெரியுமா, பதினாறு வருஷத்தில் நானும் ஆசைதான் என்றேன், அவளும் எனக்குந்தான் என்றாள், ஜன்னலிலிருந்து அந்த வாசலுக்கு இருபது அடிகூட இருக்காது, ‘வர்றியா, போகலாம்’ என்று இரண்டு பேரில் ஒருத்திகூடக் கேட்கவில்லையே, எழுதத் தெரிந்த எங்களுக்குக் கேட்கத் தெரியவில்லையா…

‘என்னடி, அட்டை கெடைச்சிடுச்சா?’ என்கிறாள், எடுத்த எடுப்பில், ஹலோகூட இல்லை. எந்த வாரம் எந்தச் சொல்லில் இருக்கிறோம் என்று ஐந்து வருஷமாக அங்கே உட்கார்ந்து கணக்குப் பண்ணிக்கொண்டா இருந்தாள்? ‘கெடைச்சுது. தண்ணியில இருந்துதான் பேசறேன்.’ ‘பொய்.’ ‘ஒரு மடக்குக் குடிச்சிருக்கேன், போதுமா? நாளைக்குக் காலையில ஏழு மணிக்கு. வர்றியா?’ மறுமுனையில் பாத்திரம் வைக்கிற சத்தம், விசில் பேனாவைத் தயாராக வைத்துக்கொண்டு பார்க்கிறாள். ‘எனக்கும்…’ என்று ஆரம்பிக்கிறாள் எதிர்மேசை, என் கை பழக்கத்தில் அட்டையையும் பேனாவையும் எடுத்துவிட்டது, வேண்டாம் என்று பேனாவைக் கீழே வைத்துவிட்டு, போனைக் காதோடு அழுத்திக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன்.